சூரியனுக்கு யார் ஆணி அடித்தது

ஆஸ்பத்திரிச் சலவைப் பிரிவில் அவளுக்கு நீராவி என்று பெயர். வைத்தவன் துணி வண்டி தள்ளுகிறவன். இருபத்திரண்டு வருடமாக இஸ்திரி உருளைக்குப் பக்கத்தில் நிற்கிறாள், அதனால்தான் அந்தப் பெயர் என்று மேலதிகாரியிடம் சமாளித்துக்கொள்வான். உண்மைக் காரணம் அங்கே எல்லோருக்கும் தெரியும். அவளுக்குக் கோபம் வந்தால் ஆறு இயந்திரங்களின் இரைச்சலையும் மீறிக்கொண்டு குரல் கேட்கும். வெளியே லாரியில் உட்கார்ந்திருப்பவர்கூட இறங்கி வந்து எட்டிப் பார்ப்பார்.

கறை பார்ப்பதில் அவளை மிஞ்ச ஆள் இல்லை. குவியலிலிருந்து ஒரு விரிப்பை உருவி வெளிச்சத்தில் பிடித்தால் போதும். இது மருந்து, இது பழரசம், இது பிள்ளை பெற்றவளின் கட்டில் என்று சொல்லிவிடுவாள். கறையே இல்லாத விரிப்பிலும் அவளுக்குச் சேதி இருக்கும். ஓரம் மட்டும் கயிறு மாதிரி முறுக்கிக் கிடந்தால், "இதப் பிடிச்சுக்கிட்டு யாரோ ராத்திரி பூரா பல்லக் கடிச்சிருக்காங்க" என்பாள்.

"உங்ககிட்ட மட்டும் துணி பேசுது, எங்ககிட்ட பேச மாட்டேங்குதே" என்பான் வண்டிக்காரன்.

"நீ வாய மூடினா உனக்கும் கேக்கும்."

வீட்டில் அவளும் தம்பியும்தான். தம்பி என்றால் சின்னப் பையன் இல்லை. நாற்பதை எட்டிப் பிடிக்கப் போகிறவன், தாடியில் நரை. அவள் அப்படிக் கூப்பிடுவதைக் கேட்டுக் கேட்டு வேன் டிரைவர், மருந்துக்கடைக்காரர், தெருவில் எல்லோருக்குமே அவன் தம்பி ஆகிவிட்டான். அவனுக்கு ஆட்டிசம். பேச்சு இல்லை. 'அக்கா', 'வேணாம்' என்ற இரண்டு வார்த்தைகள் உண்டு, அவையும் மாதத்துக்கு ஒரு தடவை வந்தால் பெரிது. அவளுக்குக் கல்யாணப் பேச்சு வந்தபோதெல்லாம், "தம்பியும் கூட வருவான்" என்றாள். பேச்சு அத்தோடு நின்றது. அதைப் பற்றி அவளுக்கு வருத்தம் கிடையாது. கோபம் உண்டு.

தம்பி பேசாவிட்டாலும் வரைவான். நீல பால்பாயிண்ட் பேனா, எந்தத் தாளாக இருந்தாலும் சரி. அவன் படத்தில் அவன் இருக்க மாட்டான். அவன் நிற்கும் இடத்தில் அவனுடைய ஷூ மட்டும் இருக்கும். ஷூவின் முனை எதைப் பார்க்கிறதோ அங்கே அவன் போக வேண்டும். குதிகால் எதைப் பார்க்கிறதோ அங்கே செத்தாலும் போக மாட்டான். எது அவனை உறுத்துகிறதோ அது படத்தில் பெரிதாகும். ரொம்ப உறுத்தினால் பேனா அழுந்தித் தாள் கிழிந்துவிடும். ஒரு தடவை ஒரு சட்டைக் காலர் தாள் முழுக்க அடைத்துக்கொண்டு நின்றது. புதுச் சட்டையில் கழுத்துக்குப் பின்னால் தைத்திருந்த துணிப்பட்டை குத்தியிருக்கிறது. கத்தரித்தாள், முடிந்தது. அம்மா உயிரோடு இருந்தபோது சித்தி வந்து நாலு நாள் தங்கிப் போனாள். அந்த வாரப் படத்தில் சித்தி நடுநாயகமாக நின்றாள், முகத்தில் மூன்று வாய். "தப்பு ஒண்ணும் இல்ல, சரியாத்தான் போட்டிருக்கான்" என்று அம்மா கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

வீட்டில் இருக்கும்போது அவன் வரைய மாட்டான். தேவையும் இல்லை. எது வேண்டுமானாலும் அக்காவின் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்க் காட்டிவிடலாம். மையத்தில் நடந்ததை வீட்டுக்குக் கொண்டுவரத்தான் படம். ஆட்டிசம் உள்ள பெரியவர்களுக்கான பகல் நேர மையம் அது. காலையில் வேன் வந்து ஏற்றிக்கொண்டு போகும், மாலையில் இறக்கிவிடும். அவன் தோளில் தொங்கும் துணிப்பையில் நாலாக மடித்த தாள் இருக்கும். செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றபடியே அதைப் பிரித்துப் பார்ப்பாள். பதினோரு வருடமாக அவளுக்கு வந்த தபால் அதுதான்.

மூன்று மாதத்துக்கு முன் மையத்துக்குப் புதிதாக ஓவிய மாஸ்டர் ஒருவர் வந்தார். நல்ல மனிதர். மென்மையான பேச்சு, சுத்தமான நகம். அவளை மையத்துக்கு வரச்சொல்லித் தம்பியின் படம் ஒன்றை இரண்டு கையாலும் ஏந்திக் காட்டினார்.

"இது கிறுக்கல் இல்ல மேடம். இது கலை. இதப் போயி நாலா மடிச்சுப் பையில வச்சு அனுப்பறாங்க. பாக்கவே மனசு வலிக்குது. இனிமே எல்லாத்தையும் இங்கயே பத்திரமா வச்சுக்கறோம். ரெண்டு மாசத்துல ஒரு கண்காட்சி."

கூடவே ஒரு சம்மதத் தாளை நீட்டினார். முப்பத்தெட்டு வருடத்தில் முதல் தடவையாக ஒரு ஆள் தம்பியைப் பற்றி நல்ல வார்த்தை சொல்லி ஒரு தாளை நீட்டுகிறார். ஆஸ்பத்திரியில் ஒரு தலையணை உறை குறைந்தால்கூட மூன்று தடவை எண்ணுகிறவள், அந்தத் தாளைப் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டாள். மறுநாள் வண்டிக்காரனிடம், "எங்க தம்பி படத்தக் கண்ணாடி போட்டு மாட்டப் போறாங்க" என்று சொல்லிக்கொண்டாள். அன்று முழுக்க அவள் யாரையும் திட்டவில்லை.

அன்றிலிருந்து பை வெறுமையாக வந்தது.

மூன்றாவது வாரம் வேன் டிரைவர் வாசலில் தலையைச் சொறிந்தார். "தப்பா எடுத்துக்காதீங்கம்மா. தம்பி சீட்ட நனைச்சிட்டாரு." இருக்கட்டும், ஒரு நாள்தானே என்று துடைத்துக் கொடுத்தாள். அந்த வாரமே இன்னொரு தடவை. பிறகு வாரத்துக்கு மூன்று தடவை. தம்பி தண்ணீர் குடிப்பதை நிறுத்திக்கொண்டான். காய்ச்சல் வந்தது. டாக்டர் சிறுநீரைச் சோதித்துவிட்டு, "நாள் பூரா அடக்கி வச்சுக்கறாரும்மா, அதான் கிருமி. ஏன் அடக்கறாருன்னு கேளுங்க" என்றார். மையத்தில் கேட்டாள். "பாத்ரூமுக்குக் கூப்பிட்டா வர மாட்டேங்கறார். வாசல்ல நின்னு காதப் பொத்திக்கறார். அடம்" என்றார்கள்.

எட்டாவது தடவையோ ஒன்பதாவது தடவையோ, நனைந்த பேண்டைத் தொட்டியில் வீசியடித்துவிட்டு அவள் கத்தினாள். "உனக்கு என்னடா கேடு? நாள் பூரா ஊரான் துணி, வந்தா உன் துணியா?"

தம்பி காதைப் பொத்திக்கொண்டு சுவரோடு ஒண்டினான். கொஞ்ச நேரம் கழித்து எழுந்து போய்த் துணிப்பையை எடுத்துவந்தான். அவள் முன்னால் நின்று அதைத் தலைகீழாகப் பிடித்து உதறினான். ஒன்றும் விழவில்லை. மறுபடி உதறினான். அவள் மணிக்கட்டைப் பிடித்து, கையைப் பைக்குள் நுழைத்தான்.

"என்ன, பை பழசாயிடுச்சா?" என்று கேட்டாள்.

மறுநாள் வேலை முடிந்து வரும்போது புதுப் பை ஒன்று வாங்கிவந்தாள். நல்ல கெட்டித் துணி. இரண்டு ஜிப். தம்பி அதைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை.

கண்காட்சிக்கு இரண்டு நாள் இருக்கும்போது மையத்தின் நிர்வாகி அம்மா கூப்பிட்டு அனுப்பினார். மேஜை மேல் ஒரு கோப்பு. அதில் 'நடத்தைப் பின்னடைவு' என்று தட்டச்சு செய்திருந்தது.

"எங்க டாக்டர் ஒரு மாத்திரை எழுதிக் கொடுத்திருக்கார். திங்கட்கிழமையிலிருந்து ஆரம்பிக்கலாம். இல்ல உங்களுக்கு இஷ்டமில்லைன்னா, தம்பிய வீட்லயே வச்சுக்கறது நல்லது. மத்தவங்களையும் நாங்க பாக்கணும்ல."

அந்த மாத்திரை அவளுக்குப் பழக்கம்தான். அம்மா இறந்த வருடம் வேறொரு டாக்டர் கொடுத்தது. தம்பி உட்கார்ந்த இடத்தில் எச்சில் வடியத் தூங்கினான். எட்டு மாதம் பேனாவைத் தொடவில்லை. எட்டு மாதம் அவன் எங்கே இருந்தான் என்றே அவளுக்குத் தெரியவில்லை. வீட்டில் வைத்துக்கொள்ளலாம் என்றால் வேலையை விட வேண்டும். வேலையை விட்டால் வாடகைக்கு எங்கே போவது? சனிக்கிழமை வந்து பதில் சொல்கிறேன் என்று எழுந்தாள். மாடியிலிருந்து இரும்புப் படியில் இறங்கும்போது, வாழ்க்கையில் முதல் தடவையாக, கத்தத் தோன்றவில்லை. அதுதான் அவளைப் பயமுறுத்தியது.

சனிக்கிழமை கூடம் நிறைய ஆட்கள். பளிச்சென்ற உடைகள், கையில் பழரசக் கோப்பைகள். சுவர் நெடுகச் சட்டம் போட்ட படங்கள், ஒவ்வொன்றுக்கும் கீழே ஒரு அட்டை. தம்பி முன்வரிசை நாற்காலியில், புதுச் சட்டையில், முழங்கால்களை இறுக்கி ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். காலையிலிருந்து ஒரு சொட்டுத் தண்ணீர் உள்ளே போகவில்லை.

முதல் சுவரில் ஒரு முப்பது வயதுப் பெண் வரைந்தவை. எல்லாம் மாடிப்படி. ஒவ்வொன்றிலும் பதினோரு படி. படிகளை வெள்ளையாக விட்டுவிட்டு, படிக்கும் படிக்கும் நடுவே இருக்கிற சந்துகளை மட்டும் கரியால் அப்பியிருந்தாள். 'ஆழம்' என்றது அட்டை. பக்கத்தில் அந்தப் பெண்ணின் தாய், வருகிறவர்களுக்கெல்லாம் வெட்கத்தோடு தலையாட்டிக்கொண்டிருந்தார். அவரும் நீராவியும் பார்த்துச் சிரித்துக்கொண்டார்கள்.

அடுத்த சுவர் தம்பியுடையது. ஒன்பது படங்கள். 'விடியலை நோக்கி.' ஓவிய மாஸ்டர் ஒரு கூட்டத்துக்கு விளக்கிக்கொண்டிருந்தார்.

"மூடின ஒரு கதவு. அதுக்குப் பக்கத்துல சூரியன். ஒவ்வொரு படத்துலயும் சூரியன் பெருசாகிட்டே போகுது பாருங்க. நம்பிக்கை வளருது. ஒன்பதாவதுல அந்த வெளிச்சத்த அவராலயே தாங்க முடியல, தாளே கிழிஞ்சிடுச்சு. எனக்கு இதுதான் உச்சம்."

"எவ்வளவு நம்பிக்கை" என்றார் ஒரு பெண்மணி, கழுத்து மணியைத் தடவிக்கொண்டே.

நீராவி முதல் படத்தின் முன் நின்றாள். கறை பார்க்கிற கண் அது, அவள் சொல்லாமலேயே வேலையை ஆரம்பித்துவிட்டது. ஷூ. முதலில் ஷூவைத்தான் பார்ப்பாள். கதவுக்குக் குதிகால். இரண்டாவது படத்திலும் கதவுக்குக் குதிகால். ஒன்பதிலும். பிறகு சூரியனைப் பார்த்தாள். அதற்கு மூலை இருந்தது. நாலு மூலை, கொஞ்சம் மழுங்கல். கதிர்கள் கீழ்ப்பக்கம் மட்டும், சீப்பின் பல் மாதிரி நெருக்கமாக. மூலைக்கு ஒன்றாக நாலு சின்ன வட்டம், ஒவ்வொரு வட்டத்துக்குள்ளும் ஒரு பெருக்கல் குறி.

"மாஸ்டர்" என்றாள். "சூரியனுக்குக் கதிர் ஏன் கீழ மட்டும் இருக்கு?"

"அது அவரோட பார்வை மேடம். நாம அதுல..."

"சூரியனுக்கு யாரு ஆணி அடிச்சது?"

கூட்டத்தில் ஒருவர் சிரித்தார். மாஸ்டர் திரும்பிப் படத்தைப் பார்த்தார். அவள் அதற்குள் நடந்துவிட்டாள். கூடத்தைத் தாண்டி, தண்ணீர்க் குழாயைத் தாண்டி, நேராக ஆண்கள் கழிப்பறைக்கு. வாட்ச்மேன் பதறிக்கொண்டு வந்தார்.

"அம்மா, இது ஆம்பளைங்க பாத்ரூம். லேடீஸ் அந்தப் பக்கம்."

"இருபத்திரண்டு வருஷமா ஆம்பளைங்க அழுக்கத்தான் துவைக்கிறேன். தள்ளுங்க."

படத்தில் இருந்த அதே கதவு. உள்ளே கை கழுவும் தொட்டிக்குப் பக்கத்துச் சுவரில் புத்தம் புது வெள்ளைப் பெட்டி. நாலு மூலையில் நாலு திருகாணி. கையைக் கீழே நீட்டினாள். கையை உலர்த்தும் அந்த இயந்திரம் அலறியது. ஆறு சலவை இயந்திரங்களுக்கு நடுவே பாதி ஆயுளைக் கழித்தவள், ஒரு அடி பின்னால் துள்ளினாள். அந்தச் சின்ன அறையில் ஓடு பதித்த நாலு சுவரும் சத்தத்தைத் திருப்பித் திருப்பி அடித்தன. கையை எடுத்த பிறகும் காதுக்குள் அது ஓடிக்கொண்டிருந்தது. மிக்சி ஓடினாலே தெருவுக்குப் போய் நிற்கிறவன் தம்பி.

பை. அவன் தலைகீழாக உதறிய பை நினைவுக்கு வந்தது. இரண்டு ஜிப் வைத்த புதுப் பையும்.

கூடத்துக்குத் திரும்பியபோது அவள் குரல் அவளுக்கு முன்னால் வந்து சேர்ந்தது.

"இந்த மெஷின் எப்ப மாட்டினீங்க?"

பழரசக் கோப்பைகள் நின்றன. நிர்வாகி அம்மா வேகமாக வந்து, குரலைத் தாழ்த்தி, "வெளிய போய்ப் பேசலாம் வாங்க" என்றார்.

"இங்கயே பேசலாம். எல்லாரும் பாக்கத்தானே மாட்டி வச்சிருக்கீங்க. எப்ப மாட்டினீங்க?"

"அது ஒருத்தர் நன்கொடையா கொடுத்தது. ஏழெட்டு வாரம் இருக்கும். கை ஈரமா இருந்தா கிருமி..."

அவள் முதல் படத்தை ஆணியிலிருந்து எடுத்துத் திருப்பினாள். பின்பக்கம் மாஸ்டரின் அழகான கையெழுத்தில் தேதி இருந்தது. "இதோ, ஏழு வாரம். மாட்டின மறுநாளே சொல்லியிருக்கான். கதவப் போட்டு, மெஷினப் போட்டு, 'நான் போக மாட்டேன்'னு ஷூவத் திருப்பி வச்சு, திருகாணி மொதக்கொண்டு சொல்லியிருக்கான். நீங்க ஸ்க்ரூவுக்குத் தங்க வர்ணம் பூசாத குறைதான். ஒன்பது லெட்டர். எனக்கு வந்த லெட்டர். ஒன்பதுக்கும் கண்ணாடி போட்டு ஆணி அடிச்சு, கைதட்டிக்கிட்டு நிக்கறீங்க. அவன் இங்க நின்னு கத்தியிருக்கான், நீங்க நம்பிக்கைங்கறீங்க. அதுக்கு மாத்திரையாம்."

"எனக்குத் தெரியாது மேடம்" என்றார் மாஸ்டர். அவர் முகம் வெளுத்திருந்தது.

"கேட்டிருந்தா சொல்லியிருப்பேன். கேக்கலையே. நானும்..." என்று ஆரம்பித்து நிறுத்தினாள். நானும்தான் கையெழுத்துப் போட்டேன் என்பதை இந்தக் கூட்டத்துக்குச் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை. அதற்கும் சேர்த்துக் குரல் இன்னும் ஏறியது. நிர்வாகி அம்மா திங்கட்கிழமை குழுவில் பேசலாம் என்றார், முறைப்படி மனு கொடுக்கலாம் என்றார். "உங்க குழு கூடற வரைக்கும் நீங்க யாராவது அடக்கி வச்சுப் பாருங்க" என்று சொல்லிவிட்டு, வாட்ச்மேனின் முக்காலியைத் தூக்கிக்கொண்டு மறுபடி கழிப்பறைக்குள் போனாள். ஏறி, சுவரின் உச்சியிலிருந்த பிளக்கைப் பிடுங்கினாள். ஒயர் தொங்கியது.

தம்பியைக் கையைப் பிடித்து இழுக்கவில்லை. அவன் முன்னால் போய் நின்று மணிக்கட்டை நீட்டினாள். அவன் பிடித்துக்கொண்டு வந்தான். வாசலில் நின்று தொங்குகிற ஒயரைப் பார்த்தான். வெகு நேரம் பார்த்தான். பிறகு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டான்.

அவள் வெளியே காவல் நின்றாள். அருகில் வர யாருக்கும் துணிச்சல் இல்லை. எதிரே அறிவிப்புப் பலகை. செய்ய வேறு ஒன்றுமில்லாமல் அதில் இருந்ததையெல்லாம் படித்தாள். விடுமுறைப் பட்டியல். வேன் நேரம். சாப்பாட்டு அறை மாடிக்கு மாற்றப்பட்டுள்ளது. தொலைந்த குடை. உள்ளே தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டபோது விடுமுறைப் பட்டியலை மறுபடி முதலிலிருந்து படித்தாள்.

அன்று ஒன்பது படங்களையும் சட்டத்தோடு ஒரு விரிப்பில் மூட்டை கட்டித் தோளில் போட்டுக்கொண்டு வந்தாள். மாஸ்டர்தான் மூட்டையைத் தூக்கிவிட்டார்.

மன்னிப்பு என்று யாரும் கேட்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஒரு போன் வந்தது. "தம்பிய வழக்கம்போல அனுப்பலாம்." மாத்திரையைப் பற்றிப் பேச்சில்லை. அந்தக் கோப்பைக் கிழித்தார்களா என்று கேட்டாள். "வேன் காலையில வந்துடும்" என்று மட்டும் சொன்னார்கள். போனை வைத்துவிட்டுத் தரையை மூன்று தடவை துடைத்தாள்.

திங்கட்கிழமை மாலை வேன் வந்தது. சீட் காய்ந்திருந்தது. டிரைவர் சிரித்தார். தம்பி பழைய பையைத்தான் மாட்டியிருந்தான். அதில் நாலாக மடித்த தாள் இருந்தது. செருப்பைக் கழற்றாமல் பிரித்தாள்.

மூலையில் கதவு. பக்கத்தில் சுண்டுவிரல் நகம் அளவுக்கு வெள்ளைப் பெட்டி, கதிர் இல்லை, ஒயர் தொங்கியது. ஷூவின் முனை கதவைப் பார்த்திருந்தது. நிம்மதியாக மூச்சு விடப் போனவள், மிச்சத் தாளைப் பார்த்தாள். மிச்சத் தாள் முழுக்க அவளேதான். கை இரண்டும் மேலே, தலைமுடி பறக்க. முகத்தில் நாலு வாய். நாலாவது வாயில் பேனா அழுந்தித் தாள் கிழிந்திருந்தது. அவளுக்கு ஷூவின் குதிகால்.

சித்திக்கே மூன்றுதான்.

"நாலாடா?" என்று கேட்டாள். அவளுக்கே கேட்காத குரலில் கேட்டாள். தம்பி ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் முழங்கால்கள் விலகி, தளர்ந்திருந்தன.

தாளைத் திரும்ப நாலாக மடித்து ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டு சமையலறைக்குப் போனாள். கோபம் அப்படியேதான் இருந்தது, ஒரு துளி குறையவில்லை. அந்தச் சுவரில் தம்பியின் ஒன்பதை எடுத்த பிறகும் மற்றவர்களுடையது முப்பது நாற்பது தொங்குகிறதே. அவற்றின் கீழேயும் அட்டை இருக்கிறதே. கூடத்தில் பார்த்த அந்தத் தாயின் எண்ணை மாஸ்டரிடம் கேட்டு வாங்கினாள். கதவைச் சாத்திக்கொண்டு, போனை வாயருகே வைத்து, முடிந்த மட்டும் தணிவாகப் பேசினாள்.

"நான்தாங்க, சனிக்கிழமை கத்தினேனே, அவ. உங்க பொண்ணு வரையற மாடிப்படி உங்க வீட்டுதா?"

"எங்க வீட்ல மாடியே இல்லீங்களே."

"அவ சாப்பாடு எப்படி?"

"அத ஏன் கேக்கறீங்க. கொஞ்ச நாளா மதியச் சாப்பாடு டப்பா அப்படியே திரும்பி வருது. அடம்னு சொல்றாங்க."

"சாப்பாட்டு அறைய மாடிக்கு மாத்தியிருக்காங்க. அங்க இரும்புப் படி. படிக்கு நடுவுல சந்து, கீழ பாத்தா தரை தெரியும். பதினோரு படி இருக்கான்னு நான் எண்ணலை. நாளைக்கு லீவு போட்டிருக்கேன். காலையில நீங்களும் வாங்க, சேர்ந்து எண்ணுவோம்."

அந்தத் தாய் போனைக் கீழே வைத்துவிட்டு ஏதோ ஒரு டப்பாவின் மூடியைத் திறக்கும் சத்தம் மட்டும் கேட்டது.